திருவள்ளூர் வட்டாரத்தில் குளியல், தலைமுழுக்கு, பொட்டு

திருவள்ளூர், பொன்னேரி, ஊத்துக்கோட்டை, கும்மிடிப்பூண்டி பக்கத்து ஊர்களில் தோலையும் கூந்தலையும் பேணும் பழக்கம் இரண்டு கணக்குகளில் நடந்துவந்தது. ஒன்று அன்றாடக் கணக்கு. விடியற்காலையில் கிணற்றடியிலோ ஏரிக்கரையிலோ குளியல், பெண்களுக்கு முகத்திலும் கை கால்களிலும் மஞ்சள், நெற்றிக்குப் பொட்டு, கண்ணுக்கு மை, சிக்கெடுத்து வாரிய தலையில் ஒரு கை எண்ணெய், கிடைத்த நாளில் பூ. மற்றது கிழமைக் கணக்கு. பெண்கள் செவ்வாயிலும் வெள்ளியிலும், ஆண்கள் புதனிலும் சனியிலும் உச்சி முதல் உள்ளங்கால் வரை நல்லெண்ணெய் தேய்த்து ஊறி, சீயக்காய் போட்டு வெந்நீரில் தலைமுழுகினார்கள். கலியாணம், வளைகாப்பு, பூப்புநீராட்டு, தீபாவளி என்று சடங்கோடு வரும் நலங்கும் மருதாணியும் இவ்விரண்டிலும் சேராதவை.

இந்த ஏற்பாட்டைப் பாட்டி வைத்தியமாகவும் அழகுக் குறிப்பாகவும் மட்டுமே எழுதிவிடுவது இப்போது வழக்கமாகிவிட்டது. ஆனால் எந்தப் பொருள் எந்தக் காலத்தில் தலைக்கும் தோலுக்கும் வந்தது, எது எப்போது போனது என்று வரிசையாகப் பார்த்தால், அழகைப் பற்றிய எண்ணங்களைவிட மூன்று கேள்விகளே அதிகம் முடிவு செய்திருப்பது தெரியும். தண்ணீர் எவ்வளவு கிடைத்தது? அது நல்ல தண்ணீரா, உப்புத் தண்ணீரா? இடிக்கவும் அரைக்கவும் யாருக்கு நேரம் இருந்தது?

தொண்டை மண்டலம் ஏரிகளின் நாடு. கொசஸ்தலையாறும் ஆரணியாறும் மழைக்காலத்தில்தான் ஓடும். மற்ற மாதங்களில் ஏரி, குளம், கிணறு இவைதான் கதி. திருவள்ளூருக்கு அருகே பட்டரைப்பெரும்புதூரில் மாநிலத் தொல்லியல் துறை தோண்டியபோது சுடுமண் வளையங்களை அடுக்கிக் கட்டிய உறைகிணறு வெளிப்பட்டது. நிலத்தடி நீரை நம்பி வாழும் பழக்கம் இப்பகுதிக்கு எவ்வளவு பழையது என்பதற்கு அதுவே சாட்சி. கிழக்கே கடலை நெருங்க நெருங்க நீர் உவர்க்கும். பழவேற்காட்டு ஏரி கடல்நீரும் ஆற்றுநீரும் கலக்கும் உப்பங்கழி. அதன் கரையூர்களில் ஒரு குடம் நல்ல தண்ணீருக்கு நடக்க வேண்டியிருந்தது; தலைமுழுக்குக்கோ பல குடம் வேண்டும்.

பழந்தமிழ் இலக்கியத்தில் குளியலின் முழு விவரம் கிடைக்கும் இடம் சிலப்பதிகாரத்தின் கடலாடு காதை. ஊடல் கொண்டிருந்த கோவலனை மகிழ்விக்க மாதவி தன்னை ஒப்பனை செய்துகொள்கிறாள். பத்து வகைத் துவரும் ஐந்து வகை விரையும் முப்பத்திரண்டு வகை ஓமாலிகையும் ஊறிய நீரில், வாசநெய் தேய்த்த கூந்தலை அலசி, நறும்புகையில் உலர்த்தி, கத்தூரிக் குழம்பு ஊட்டுகிறாள். பாதத்துக்குச் செம்பஞ்சுக் குழம்பு. உரையாசிரியர் அடியார்க்குநல்லார் இந்தச் சரக்குகளைப் பெயர் பெயராக எண்ணிக் காட்டுகிறார். துவர்களில் பூவந்தி, திரிபலை, கருங்காலி, நாவல் ஆகியவற்றோடு ஆல், அரசு, அத்தி, இத்தி என்னும் நால்வகை மரமும் உண்டு. விரைகள் கோட்டம், துருக்கம், தகரம், அகில், ஆரம் என ஐந்து. நுரை தரும் பூவந்தி அழுக்கை எடுக்கும், துவர்ப்பு தோலை இறுக்கும், விரை மணம் தரும் என்று இன்றைய அழகுப் பொருள் தயாரிப்பாளர் பிரிக்கும் அதே பிரிவுகள்தாம் அங்கும் இருக்கின்றன. ஆனால் இது ஆடல்மகளிரின் மாளிகைக் குளியல். பக்கத்தில் பணிப்பெண்கள் இல்லாமல் நடக்காதது. மருத நிலத்து உழவுப் பெண்ணின் காலை நேரத்தை இதிலிருந்து ஊகிக்க முடியாது.

வீட்டுக் கணக்குக்கு நெருங்கி வருவது சித்த மருத்துவ மரபில் தேரையர் பெயரில் வழங்கும் பிணியணுகா விதி. அதை ஒரு நாட்காட்டி போலவே வாசிக்கலாம். நான்கு நாளுக்கு ஒருமுறை எண்ணெய் முழுக்கு, மூன்று நாளுக்கு ஒருமுறை கண்ணுக்கு அஞ்சனம், அரைத் திங்களுக்கு இரண்டு முறை சவரம், எண்ணெய் தேய்த்தால் வெந்நீரில்தான் குளியல் என்று அது கட்டளையிடுகிறது. வயிற்றைச் சுத்தம் செய்யும் பேதிக்கும் மூக்கில் விடும் நசியத்துக்கும் நாள் குறித்த அதே பட்டியலில் கண்மையும் தலைமுழுக்கும் வருவதைக் கவனிக்க வேண்டும். உடம்பைக் குளிர்ச்சியாக வைத்துக்கொள்வதும் அழகாக வைத்துக்கொள்வதும் அந்த மரபில் ஒரே வேலை. செவ்வாய், வெள்ளி, புதன், சனி என்ற கிழமை வழக்கும் நடைமுறையில் மூன்று நான்கு நாளுக்கு ஒருமுறை என்ற இந்தக் கணக்கையே தருகிறது.

தலைக்குப் போட்ட சரக்குகளில் சீயக்காய்தான் முதல். ஆனால் அது திருவள்ளூர்ச் சமவெளியில் விளைவதில்லை. மலைக்காட்டில் முள்ளோடு படரும் கொடியின் காய் அது. சவ்வாது மலை, கொல்லி மலை போன்ற இடங்களில் பறித்து, காயவைத்து, சந்தைக்கும் நாட்டு மருந்துக் கடைக்கும் வந்து சேரும். வாங்கிய காயை மறுபடி மொட்டை மாடியிலோ களத்திலோ காயவைத்து, வெந்தயம், பச்சைப் பயறு, பூலாங்கிழங்கு, காய்ந்த எலுமிச்சைத் தோல், செம்பருத்தி இலை சேர்த்து உரலில் இடிக்க வேண்டும். பின்னாளில் மாவு மில் வந்தபோதும் சீயக்காய் அரைக்கத் தனி இயந்திரம் வைத்திருக்கும் மில்லைத் தேடிப் போக வேண்டியிருந்தது. மிளகாய் அரைத்த இயந்திரத்தில் அரைத்தால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. சீயக்காய் வாங்க வழியில்லாத வீடுகளுக்கு வறண்ட காட்டில் தானாக வளரும் உசிலை மரம் இருந்தது. அதன் இலையை உலர்த்திப் பொடித்தால் அரப்பு. பூந்திக்கொட்டையை ஊறவைத்துக் கசக்கிய நீரும் உண்டு.

மூன்றிலும் வேலை செய்வது சபோனின் என்னும் நுரைப்பொருள். அது மென்மையான அழுக்கெடுப்பான். முழு எண்ணெயையும் எடுத்துவிடாமல் மேலதிகத்தை மட்டும் எடுக்கும். முதலில் தலை நிறைய எண்ணெய், பிறகு சீயக்காய் என்ற வரிசையின் பொருத்தம் இதில்தான் இருக்கிறது. இரண்டும் ஒன்றையொன்று நம்பி அமைந்தவை. சோறு வடித்த கஞ்சியில் சீயக்காய்த் தூளைக் குழைத்துத் தேய்க்கும்போது மாவுச்சத்து முடியில் மெல்லிய படலமாகப் படிந்து சிக்கைக் குறைக்கிறது. எண்ணெயைப் பற்றிய ஆய்வுகளும் பழைய வழக்குக்கு ஓரளவு துணை நிற்கின்றன. 2003ல் வெளியான ஓர் ஆய்வு, தேங்காய் எண்ணெய் முடித்தண்டுக்குள் ஊடுருவிப் புரதம் வெளியேறுவதைக் குறைக்கிறது என்றும், கனிம எண்ணெய்க்கும் சூரியகாந்தி எண்ணெய்க்கும் அந்தத் திறன் இல்லை என்றும் காட்டியது. எண்ணெய் தேய்த்தால் முடி வளரும் என்று அந்த ஆய்வு சொல்லவில்லை. ஊரில் சொல்வதற்கும் ஆய்வு சொல்வதற்கும் இந்த இடத்தில் வித்தியாசம் உண்டு.

உடம்புக்குத் தேய்த்த நலங்கு மாவில் பச்சைப் பயறு அல்லது கடலை மாவு அடிப்படை. அதோடு கஸ்தூரி மஞ்சள், பூலாங்கிழங்கு, கிச்சிலிக்கிழங்கு, கோரைக்கிழங்கு, வெட்டிவேர், ஆவாரம்பூ, ரோஜா மொட்டு, கார்போக அரிசி ஆகியவை சேரும். வீட்டுக்கு வீடு பட்டியல் மாறும். மாவு எண்ணெய்ப் பிசுக்கை உறிஞ்சும், கிழங்குகள் மணம் தரும். ஒரு சரக்கை மட்டும் எச்சரிக்கையோடு பார்க்க வேண்டும். கார்போக அரிசியில் சோராலென் என்ற பொருள் இருக்கிறது. அது வெயிலுக்குத் தோலைக் கூச வைக்கும். வெண்புள்ளிக்கான மருந்தில் அது சேர்வதற்குக் காரணமும் இந்தக் குணம்தான். அதைப் பூசி நன்றாக அலசாமல் நடுப்பகலில் வெளியே போனால் தோல் கன்றிக் கருக்க வாய்ப்புண்டு. இயற்கைச் சரக்கு என்பதால் தீங்கே வராது என்ற நம்பிக்கைக்கு நலங்கு மாவுக்குள்ளேயே மறுப்பு இருக்கிறது.

அன்றாடப் பூச்சில் மஞ்சளுக்கு இணை வேறில்லை. சமையலுக்கு விரலி மஞ்சள், பூசுவதற்குக் குண்டு மஞ்சள். குளத்துப் படித்துறையிலும் கிணற்றடிக் கல்லிலும் மஞ்சள் உரசி உரசிக் குழி விழுந்திருக்கும். அதே மஞ்சளிலிருந்துதான் குங்குமமும் வந்தது. மஞ்சளில் நிறம் தரும் குர்க்குமின் காரத்தைத் தொட்டால் சிவக்கும். மஞ்சள் துண்டுகளை எலுமிச்சைச் சாற்றோடும் வெண்காரத்தோடும் ஊறவைத்து உலர்த்திப் பொடித்தபோது, குர்க்குமினும் போரானும் கூடி அடர்ந்த சிவப்பு உண்டானது. வேதியியலார் அதற்கு ரோசோசயனின் என்று பெயர் வைத்து, போரானைக் கண்டறியும் சோதனைக்கு அதையே பயன்படுத்துகிறார்கள்.

கண்மை வீட்டில் செய்தது. கரிசலாங்கண்ணிச் சாற்றில் வெள்ளைத் துணியை நனைத்து நிழலில் உலர்த்தி, திரியாக்கி, விளக்கெண்ணெய் ஊற்றி ஏற்றுவார்கள். மேலே கவிழ்த்த பித்தளைத் தட்டிலோ மண் சட்டியிலோ படியும் கரியைச் சுரண்டி, மறுபடி விளக்கெண்ணெய் விட்டுக் குழைத்தால் மை. குழந்தைக்கு வைக்கும் கறுப்புச் சாந்துக்கு ஜவ்வரிசியைக் கருக வறுத்து நீர்விட்டுக் காய்ச்சிக் கொட்டாங்குச்சியில் ஊற்றி உலர்த்துவார்கள். தேவையானபோது ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டு விரலால் குழைத்துக்கொள்ளலாம். உண்மையில் இந்த வட்டாரத்து அன்றாட ஒப்பனை என்பது மஞ்சள், மை, பொட்டு, பூ என்ற நான்கோடு முடிந்தது. இன்று யாராவது எளிமையான ஒப்பனைக்குப் பட்டியல் போட்டால் அதைவிடச் சுருக்கமாகப் போட முடியாது.

தோலைப் பற்றிய கவலையை மக்கள் கோயிலுக்கும் கொண்டுபோனார்கள். திருவள்ளூர் வீரராகவப் பெருமாள் கோயிலின் ஹிருத்தாபநாசினி குளத்தில் அமாவாசைதோறும் கூட்டம் நீராடும்; மரு, தேமல், தோல்நோய் நீங்க வேண்டிக்கொண்டவர்கள் வெல்லம் வாங்கிக் குளத்தில் கரைப்பார்கள். வெல்லம் கரைவது போல மருவும் கரையும் என்பது நம்பிக்கை. ஊத்துக்கோட்டை வட்டத்துப் பெரியபாளையத்தில் பவானி அம்மனுக்கு ஆடி மாதத்தில் வேப்பிலையை ஆடையாகக் கட்டி வலம் வரும் வேண்டுதல் இன்றும் நடக்கிறது. அம்மை கண்ட வீட்டில் வேப்பிலையும் மஞ்சளும் அரைத்துப் பூசித் தலைக்கு ஊற்றும் வழக்கத்தோடு அதற்கு நேரடி உறவு உண்டு. பெரியம்மை நாட்டை விட்டுப் போய்விட்ட பிறகும் சின்னம்மைக்கு அதே முறைதான் கைக்கொள்ளப்படுகிறது. திருத்தணியில் மொட்டை போட்ட குழந்தைகளின் தலையில் குளிர்ச்சிக்குச் சந்தனம் பூசுகிறார்கள். அங்கே முருகனுக்குச் சந்தனம் அரைக்கும் கல் இந்திரன் தந்தது என்று தலபுராணம் சொல்லும். வெல்லம், வேம்பு, சந்தனம் மூன்றும் ஒரே மாவட்டத்தின் மூன்று கோயில்களில் இப்படிக் கூடுகின்றன.

இந்தப் பழக்கங்களைப் பொற்காலமாக எழுதுபவர்கள் விட்டுவிடும் செய்தி ஒன்று உண்டு. மஞ்சளும் குங்குமமும் பூவும் எல்லாப் பெண்களுக்கும் உரியனவாக இருந்ததில்லை. கணவன் இறந்த நாளோடு அவை மூன்றும் பறிக்கப்பட்டன. சில சாதிகளில் கூந்தலும் மழிக்கப்பட்டது. ஊர்ப் பொதுக் குளத்திலும் கிணற்றிலும் இறங்கும் உரிமை தாழ்த்தப்பட்டோருக்கு மறுக்கப்பட்டிருந்தபோது, வெள்ளிக்கிழமைத் தலைமுழுக்கு என்பது எத்தனை பேருக்கு எட்டக்கூடியதாக இருந்திருக்கும்? விடியுமுன் நாற்றங்காலில் இறங்க வேண்டியவளுக்குச் சீயக்காய் இடிக்க நேரம் எங்கே? இந்தத் தடைகளைக் கழித்துவிட்டு மணத்தை மட்டும் நினைவில் வைத்துக்கொள்வது பாதி வரலாறு.

மணப்பொருள்களில் பல கடல் தாண்டி வந்தவை. பழவேற்காடு அதற்கு வாயில். பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மலாக்காவிலிருந்து எழுதிய போர்த்துக்கீசியரான தோமே பிரேஸ், சோழமண்டலக் கரை வணிகர்கள் துணியை ஏற்றிச் சென்று சந்தனம், கர்ப்பூரம், படிகாரம், சாதிக்காய், கிராம்பு முதலியவற்றோடு திரும்புவதைப் பதிவு செய்திருக்கிறார். தலைமுழுகிய கூந்தலுக்குப் புகை காட்டும் சாம்பிராணி வகைகளில் உயர்ந்தது சுமத்திரா மரத்துப் பிசின். டச்சுக்காரர்கள் 1613ல் இங்கே கெல்டிரியா கோட்டையைக் கட்டி முடித்த பின் துணி ஏற்றுமதி பெருகியது. வட தொண்டை நாட்டு நெசவாளியும் சாயக்காரரும் உலகச் சந்தைக்கு உழைத்தனர்; அதே கப்பல்கள் கொண்டுவந்த வாசனைச் சரக்கு கோயிலுக்கும் செல்வர் வீட்டுக்கும் போயிற்று.

சோப்பு வந்தது இரயிலோடு. இராயபுரத்திலிருந்து வாலாஜா வரை 1856ல் ஓடத் தொடங்கிய தென்னிந்தியாவின் முதல் இரயில் பாதை திருவள்ளூர் வழியாகவே போனது. கும்மிடிப்பூண்டி வழியாகக் கூடூர் செல்லும் பாதை 1899ல் திறந்தது. இங்கிலாந்திலிருந்து இறங்கிய சன்லைட்டும் லைஃப்பாயும் முதலில் நகரத்து நடுத்தர வீடுகளுக்கே போய்ச் சேர்ந்தன. உள்நாட்டில் சோப்பு செய்யும் முயற்சியில் சென்னை மாகாண அரசுக்கு முக்கியப் பங்கு உண்டு. மீன்வளத் துறைக்கு அடித்தளம் இட்ட பிரெடெரிக் நிக்கல்சனின் மீன் எண்ணெய்ச் சோப்புப் பரிசோதனைகளின் தொடர்ச்சியாக 1914ல் கோழிக்கோட்டில் அரசு சோப்பு நிறுவனம் எழுந்தது. கொச்சிக்கு அருகே தொடங்கிய டாடா ஆயில் மில்ஸ் 1931ல் ஹமாமைக் கொண்டுவந்தது. மூலிகைச் சோப்பு என்ற பெயரில் அது தமிழ் வீட்டுக் குளியலறையில் பிடித்த இடம் இன்றுவரை விட்டுப்போகவில்லை. 1969ல் சென்னையில் இரயில்வே மருத்துவரான வி.பி. சித்தன் வீட்டில் செய்து தொடங்கிய மெடிமிக்ஸ் அதே வழியில் வந்தது. கண்மைக்கும் இதே கதிதான். 1938ல் சென்னையில் தொடங்கிய அரவிந்த் லேபரட்டரீஸின் ஐடெக்ஸ் சின்ன வட்ட டப்பாவில் கண்மை விற்றது. விளக்கேற்றிக் கரி பிடிக்கும் வேலை மெல்ல மெல்ல நின்றுபோனது. பல்லாவரத்தில் தொழிற்சாலை வைத்த பாண்ட்ஸ், முகத்துக்கு மஞ்சள் இருந்த இடத்தில் பவுடரைக் கொண்டுவந்தது. படித்து வேலைக்குப் போகும் பெண் முகத்தில் மஞ்சள் தெரியப் போவதைச் சற்றுக் கூச்சமாக நினைக்கத் தொடங்கியதும் பவுடர் டப்பா நிலைக்கண்ணாடிக்குப் பக்கத்தில் நிரந்தரமாக உட்கார்ந்ததும் ஏறத்தாழ ஒரே காலம்.

ஆனால் தலைக்கு மட்டும் சீயக்காய் நெடுநாள் தாக்குப்பிடித்தது. சோப்பு அதை அசைக்க முடியாமல் போனதற்கு இப்பகுதியின் தண்ணீரும் ஒரு காரணம். கால்சியமும் மெக்னீசியமும் மிகுந்த கடினநீரில் சோப்பு நுரைக்காது. நீரில் கரையாத வெள்ளைப் படிவமாகத் திரிந்து முடியில் ஒட்டிக்கொள்ளும். போதாததற்கு அதன் காரத்தன்மை முடியின் மேற்செதிலை விரியச் செய்யும். சபோனினுக்கு இந்தத் தொல்லை இல்லை, உவர்நீரிலும் அது வேலை செய்யும்.

பின்னர் தண்ணீர் மேலும் உவர்த்தது. சென்னையின் தாகத்துக்காக ஆரணியாறு, கொசஸ்தலையாற்றுப் படுகையில் மீஞ்சூர், பஞ்செட்டி, தாமரைப்பாக்கம் ஆகிய இடங்களில் கிணற்றுத் தொகுதிகள் அமைத்து நிலத்தடி நீரை இறைத்தார்கள். சுற்று வயல்களும் பம்புசெட்டால் இறைத்தன. 1960களின் இறுதியில் மீஞ்சூர்ப் பக்கம் கடல்நீர் நிலத்தடியில் உட்புகுவது கண்டறியப்பட்டது. தலைமுறை தலைமுறையாக நல்ல தண்ணீர் தந்த கிணறுகள் வாய்க்கு உதவாமல் போயின. கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை அதே மீஞ்சூர்ப் பகுதியில், காட்டுப்பள்ளியில், 2010ல் திறக்கப்பட்டது. அதன் நீரும் சென்னைக்கே போயிற்று. குடத்தையும் டேங்கர் லாரியையும் நம்பும் வீட்டில் எண்ணெயையும் சீயக்காய்த் திப்பியையும் அலச வாளி வாளியாக ஊற்ற முடியாது. குறைந்த நீரில், எந்த நீரிலும் நுரைத்து, இரண்டு நிமிடத்தில் அலசப்படும் ஒன்றுக்கு இடம் தயாராக இருந்தது.

நேரக் கணக்கும் இதே காலத்தில் மாறியது. 1971ல் அமைக்கப்பட்ட சிப்காட் பின்னர் கும்மிடிப்பூண்டியில் தொழில் வளாகம் எழுப்பியது. உருக்கு, வார்ப்பு, இரசாயனம், உதிரிபாகம் என்று ஆலைகள் வந்தன. ஏரிக்கரைக் காலை போய் ஷிப்ட்டுக் காலை வந்தது. கம்பெனி பஸ் ஐந்தரைக்கு வந்து நிற்கும்போது சீயக்காயை ஊறவைக்க யாரும் காத்திருக்க முடியாது. வெல்டிங் புகையும் இரும்புத் தூளும் எண்ணெய்ப் பிசுக்கும் படிந்த தலையை வாரத்துக்கு இருமுறை மட்டும் கழுவினால் போதாது.

அந்த இடத்தை நிரப்பிய ஷாம்பு பாக்கெட் கடலூரில் பிறந்தது. சின்னி கிருஷ்ணன் என்ற சிறுதொழில்காரர், பெரிய நிறுவனங்கள் பாட்டிலில் விற்பதைக் கூலிக்காரரும் வாங்கும்படி சிறு சிறு உறையில் அடைத்து விற்கலாம் என்று எண்ணிச் செய்துபார்த்தவர். அவருக்குப் பின் மகன்கள் வெல்வெட் ஷாம்பு பாக்கெட்டைப் பரப்பினர். அவர்களில் ஒருவரான சி.கே. ரங்கநாதன் 1983ல் குடும்பத் தொழிலிலிருந்து விலகி, 15,000 ரூபாய் முதலோடு தந்தை பெயரின் எழுத்துகளைக் கோத்துச் சிக் ஷாம்புவைத் தொடங்கினார். ஊர் ஊராகப் போய்ப் பள்ளிப் பிள்ளைகளின் தலையைக் கழுவிக் காட்டினார்கள். காலிப் பாக்கெட் ஐந்தைக் கொடுத்தால் ஒரு சிக் இலவசம் என்றார்கள். 1999ல் ஐம்பது காசுப் பாக்கெட் வந்தபோது, பெட்டிக்கடையில் தோரணமாகத் தொங்காத ஊரே இல்லை என்ற நிலை. அந்த நிறுவனமே, இன்றைய கெவின்கேர், மீரா என்ற பெயரில் சீயக்காய்த் தூளையும் பாக்கெட்டில் போட்டது வியாபாரத் திறமையின் உச்சம். சீயக்காயைத் தோற்கடித்த கையே அதை விற்கவும் செய்தது.

ஷாம்பு தலையிலுள்ள எண்ணெயை முழுதும் எடுத்துவிடும். முடி வறண்டது. வறட்சிக்குக் கண்டிஷனர் வேண்டியதாயிற்று. அலுவலகம் போகும் தலையில் எண்ணெய் வழியக்கூடாது என்ற புது நாகரிகமும் சேர்ந்துகொண்டது. எண்ணெய்க்கும் சீயக்காய்க்கும் இருந்த பழைய பொருத்தம் குலைந்து, ஒரு பொருள் கெடுத்ததை இன்னொரு பொருள் வாங்கிச் சரிசெய்யும் ஏற்பாடு நிலைபெற்றது.

தோலின் கதையில் இதைவிடக் கசப்பான பகுதி வெளுப்புக் களிம்பு. 1975ல் இந்துஸ்தான் லீவர் ஃபேர் அண்ட் லவ்லியை அறிமுகம் செய்தது. 1998ல் கெவின்கேரின் ஃபேரெவர் குங்குமப்பூவின் பெயர் சொல்லிப் போட்டிக்கு வந்தது. உச்சி வெயிலில் நாற்று நட்டும் மீன் உலர்த்தியும் உப்பளத்தில் உழைத்தும் வந்த கடற்கரை மாவட்டத்தில் கறுப்பு நிறத்தைக் குறையாகச் சொல்லி விற்கும் விளம்பரம் நன்றாகவே எடுபட்டது. எதிர்ப்பும் சென்னையிலிருந்தே கிளம்பியது. விமன் ஆஃப் வொர்த் என்ற அமைப்பு 2009ல் கறுப்பே அழகு என்ற இயக்கத்தைத் தொடங்கியது. 2020ல் அந்தக் களிம்பு தன் பெயரிலிருந்து வெளுப்பைக் கைவிட்டு, குளோ அண்ட் லவ்லி ஆனது. வெளுப்பாக்கப் பாதரசம் கலந்த களிம்புகள் சிறுநீரகத்தைக் கெடுப்பவை; 2014ல் இந்திய விதிகள் அழகுப் பொருள்களில் பாதரசத்துக்குக் கட்டுப்பாடு கொண்டுவந்தன. ஆயினும் உரிமமும் முகவரியும் இல்லாத டப்பாக்கள் சந்தையில் கிடைக்கத்தான் செய்கின்றன.

பொட்டும் மாறியது. குழைத்த சாந்து, குப்பியில் விற்ற சாந்து, 1980களில் பரவிய ஸ்டிக்கர் பொட்டு என்று வரிசை. ஸ்டிக்கரின் பசையில் சேர்த்த பாரா டெர்ஷியரி பியூட்டைல் ஃபீனால் என்ற இரசாயனம் சிலருக்குப் பொட்டு ஒட்டும் இடத்தில் நிறமிழப்பை உண்டாக்கியதைத் தோல் மருத்துவர்கள் விரிவாகப் பதிவு செய்திருக்கிறார்கள். மலிவுக் குங்குமத்தில் மஞ்சளுக்குப் பதில் சாயப்பொடி. மருதாணியில் லாசோன் என்ற நிறமி சிவப்பைத்தான் தரும். உடனே கறுக்கும் மருதாணிக் கூம்பில் தலைச்சாயத்துக்குரிய பி.பி.டி. கலந்திருக்கும், அது தோலைக் கொப்புளிக்கச் செய்யும்.

இந்த அனுபவங்களுக்குப் பிறகு கடந்த இருபது ஆண்டுகளில் சீயக்காயும் நலங்கு மாவும் திரும்பியிருக்கின்றன. சின்னி கிருஷ்ணனின் இன்னொரு மகன் சி.கே. குமரவேல், மனைவி வீணாவோடு 2000ல் சென்னையில் தொடங்கிய அழகு நிலையத்துக்கு நேச்சுரல்ஸ் என்றே பெயர். நாட்டு மருந்துக் கடைகள் கலவைகளை அரைத்துப் பாக்கெட்டில் அடுக்கின. மகளிர் சுயஉதவிக் குழுக்கள் கோல்டு பிராசஸ் முறையில் ஆவாரம்பூச் சோப்பும் குப்பைமேனிச் சோப்பும் செய்து விற்கின்றன. சட்டப்படி அழகுப் பொருளை விற்பனைக்குத் தயாரிக்க 1940ஆம் ஆண்டு மருந்து மற்றும் அழகுசாதனச் சட்டத்தின் கீழ் உரிமம் வேண்டும். 2020ஆம் ஆண்டு அழகுசாதன விதிகள், உட்பொருள் பட்டியலையும் தயாரிப்பு எண்ணையும் காலாவதி நாளையும் உறையில் அச்சிடச் சொல்கின்றன. வீட்டில் அரைத்த மாவுக்குக் காலாவதி நாள் அச்சிடத் தேவையில்லை. ஈரம் பட்டால் அதில் பூஞ்சை பிடிக்கும் என்பது இடித்தவளுக்கே தெரிந்திருந்தது.

கும்மிடிப்பூண்டி, தேர்வாய்கண்டிகை ஆலைகளில் வேலை செய்யும் பெண்கள் பலர் இப்போது விடுதியிலோ வாடகை அறையிலோ இருக்கிறார்கள். உணவு ஆலையிலும் மின்னணு ஆலையிலும் தலைக்கு வலைக்குல்லா கட்டாயம். பூவும் நகச்சாயமும் ஆகாது. மஞ்சள் சட்டைக் காலரில் கறை பிடிக்கும் என்பதால் அதுவும் இல்லை. மிஞ்சுவது முகம் கழுவும் ஜெல், சின்னப் பொட்டு, பென்சில் மை, வெயிலுக்கொரு களிம்பு. தலைமுழுக்குக்கு வெள்ளிக்கிழமை என்று ஒன்று கிடையாது. ஷிப்ட்டு சுழலச் சுழல வார விடுமுறை எந்தக் கிழமையில் விழுகிறதோ அன்றைக்கு, விடுதிக் குழாயில் தண்ணீர் வரும் நேரம் பார்த்து, இரண்டு பேர் ஒருவர் தலைக்கு ஒருவர் எண்ணெய் தேய்த்துவிட்டு, கடையில் வாங்கிய சீயக்காய்ப் பாக்கெட்டையோ ஷாம்பு பாக்கெட்டையோ பிரித்துக்கொள்கிறார்கள்.